பாரீஸ் முனையில் தொடங்கிய மரபு நடை

பதிவு கொஞ்சம் நீளம். வேலையாக இருப்பவர்கள் எடுத்து வைத்துக்கொண்டு ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு படியுங்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை என் மகள் என்னை ஒரு மரபு நடைக்கு அனுப்பி வைத்தாள். "வீட்ல உக்காந்து டிவி பாக்கறதுக்கு நாலு தெரு நடந்துட்டு வாங்கப்பா. நீங்க புள்ளைங்களுக்குச் சொல்லிக் குடுத்ததைத்தான் காட்டப் போறாங்க" என்றாள். பணமும் அவளே கட்டிவிட்டாள். முட்டிக்கு பெல்ட் போட்டுக்கொண்டு, தண்ணீர் பாட்டிலும் தொப்பியுமாகக் காலை ஏழு மணிக்கு பாரீஸ் முனையில் போய் நின்றேன். மொத்தம் பதினான்கு பேர். பாதிக்கு மேல் கணினி வேலை பார்க்கும் பிள்ளைகள். என் வயதுக்கு நான் ஒருவன்தான். நடத்தும் பெண்ணுக்கு இருபத்தைந்து வயதிருக்கும். முதலில் என்னை 'அங்கிள்' என்றது. பேச்சுவாக்கில் வாத்தியார் என்று தெரிந்ததும் 'சார்' ஆகிவிட்டேன்.

செகண்டரி கிரேடு டிரெயினிங் முடித்து 1981-ல் வேலைக்குச் சேர்ந்து 2018-ல் ஓய்வு பெற்றவன் நான். முப்பத்தேழு வருஷம் திருவள்ளூர் மாவட்டத்தில் ஐந்தாம் வகுப்புக்கு வரலாறு நடத்தியிருக்கிறேன். ஐரோப்பியர் வருகை, 1639-ல் கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கிடைத்த மானியம், புனித ஜார்ஜ் கோட்டை. கோட்டைக்குள் வெள்ளையர் நகரம், வெளியே கறுப்பர் நகரம். பாடப்புத்தகத்தில் மூன்று வரி. பரீட்சையில் கோடிட்ட இடத்தை நிரப்புக. அந்த மூன்று வரிக்குள் இத்தனை தெரு இருப்பதை நான் ஒரு நாளும் பிள்ளைகளிடம் சொன்னதில்லை. எனக்குத் தெரியாமல் இல்லை. ஏன் சொல்லவில்லை என்பதற்குத்தான் இந்தப் பதிவு.

முதலில் ஒரு கல்லைக் காட்டினார் அந்தப் பெண். பாரீஸ் முனையில் டேர் ஹவுஸ் கட்டடத்தின் ஓரமாக நிற்கும் கூம்புத் தூண். 1773-ல் நட்டது. அதன் கதை இது. பழைய கறுப்பர் நகரம் இங்கே இல்லை, கோட்டைச் சுவரை ஒட்டி, இன்றைக்கு உயர் நீதிமன்றம் இருக்கும் இடத்தில் இருந்தது. 1746-ல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைப் பிடித்தார்கள். 1758-59-ல் லாலி திரும்பவும் வந்து முற்றுகை போட்டார். எதிரி ஒளிந்துகொண்டு சுட வீடுகள் வசதியாக இருக்கின்றன என்று கம்பெனிக்குப் பட்டது. வீடுகளை இடித்து, பீரங்கி சுட இடைஞ்சலில்லாத மைதானமாக ஆக்கினார்கள். இனி இந்தக் கல்லுக்குத் தெற்கே ஒருவரும் கட்டக்கூடாது என்பதற்கு எல்லைத் தூண்கள் வைத்தார்கள். அதில் மிஞ்சியது இந்த ஒன்று. இடிபட்டவர்கள் வடக்கே தள்ளிப் போய்க் குடியேறிய பகுதிதான் பிறகு கறுப்பர் நகரம் ஆகி, 1911-ல் ஐந்தாம் ஜார்ஜ் முடிசூட்டலையொட்டி ஜார்ஜ் டவுன் ஆனது.

தினம் ஆயிரக்கணக்கான பேர் அந்தக் கல்லைக் கடந்து பஸ் பிடிக்க ஓடுகிறார்கள். நானும் ஓடியவன்தான். அதன் பக்கத்தில் நின்று கரும்புச்சாறு குடித்திருக்கிறேன், அது என்னவென்று கேட்டதில்லை.

எதிரே உயர் நீதிமன்றச் சிவப்புக் கட்டடம், 1892. அதன் வளாகச் சுவரில் 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் கப்பல் குண்டு போட்டதற்கு ஒரு கல்வெட்டு இருக்கிறது. பத்துப் பதினைந்து நிமிஷக் குண்டு வீச்சு. ஊரே மூட்டை கட்டியது. தமிழில் 'எம்டன்' என்று ஒரு சொல்லே வந்துவிட்டது. "அவன் பெரிய எம்டன்டா" என்று எங்கள் பள்ளியில் ஒரு தலைமையாசிரியரைப் பிள்ளைகள் சொல்வார்கள், அவரைப் பற்றிப் பிறகு வரும். அன்று தீப்பிடித்து எரிந்தது துறைமுகத்தில் இருந்த பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள். அந்தப் பெண் 'பர்மா' என்று சொன்னதும் எனக்கு உள்ளே சுருக்கென்றது. தண்ணீர் குடித்தேன்.

அடுத்து ஆர்மேனியன் தெரு. தமிழ்ப் பலகையில் 'அரண்மனைக்காரன் தெரு' என்று இருக்கும். ஆர்மேனியன் என்ற சொல் நம்மவர் வாயில் உருண்டு அரண்மனைக்காரன் ஆகிவிட்டது. இதைப் பிழை என்று பலர் கேலி செய்வார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தெரியாத ஒருவனின் பெயரை நம் வாய்க்கு வசதியாக மாற்றி, போகிற போக்கில் அவனுக்கு ஒரு அரண்மனையும் கட்டிக் கொடுத்திருக்கிறோம். நல்ல காரியம்தான்.

ஆர்மீனிய தேவாலயத்தில் முன்கூட்டியே சொல்லி வைத்திருந்தார்களாம், கதவு திறந்தது. வெளியே லாரி ஹாரனும் கைவண்டியும், உள்ளே சம்பங்கி மரமும் நிழலும். 1772-ல் கட்டியது. தரையெல்லாம் கல்லறைக் கற்கள். மிதித்துத்தான் நடக்க வேண்டும். நான் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டேன். மணிக்கூண்டில் ஆறு மணிகள் உண்டு, அதில் ஒன்றில் தமிழ் எழுத்து பொறித்திருக்கிறது என்று சொன்னார். மேலே ஏற விடுவதில்லை.

ஆர்மீனியர்கள் பாரசீகத்தின் ஜுல்பாவிலிருந்து பட்டும் ரத்தினமும் விற்க வந்தவர்கள். சொந்த நாடு பிறர் கையில் இருந்தது. அதனால் போகிற ஊரிலெல்லாம் கொஞ்சம் நாடு கட்டிக்கொண்டார்கள். உலகத்தின் முதல் ஆர்மீனியப் பத்திரிகை 'அஸ்தரார்' எங்கே அச்சானது தெரியுமா? இங்கேதான், சென்னையில், 1794-ல். அதை நடத்திய பாதிரியார் ஹாருத்யூன் ஷ்மவோனியன் இந்த வளாகத்திலேயே புதைக்கப்பட்டிருக்கிறார். ஷஹாமிரியன் என்ற இங்கத்திய வணிகர், இல்லாத ஆர்மீனிய நாட்டுக்கு ஒரு அரசியல் சட்டமே எழுதி இங்கே அச்சடித்தார். நாடு இல்லை, சட்டம் தயார்.

இன்னொருவர் கோஜா பெட்ரஸ் உஸ்கான். 1726-ல் அடையாற்றின் குறுக்கே சைதாப்பேட்டையில் தன் செலவில் பாலம் கட்டியவர். மறைமலையடிகள் பாலம் நிற்பது அந்த இடத்தில்தான். பரங்கிமலைக்குப் படிக்கட்டும் இவர் கைங்கரியம். 1751-ல் இறந்தார். உடலை வேப்பேரியில் புதைத்தார்கள். இதயத்தை மட்டும் தனியாக எடுத்து, ஒரு பேழையில் வைத்து ஜுல்பாவுக்கு அனுப்பினார்கள். அது அவர் உயிலில் எழுதி வைத்த ஆசை.

பிள்ளைகள் சிலர் 'வாவ்' என்றார்கள். எனக்கு என் அம்மா ஞாபகம் வந்தது. அம்மா கடைசி வரைக்கும் எந்த மழையைப் பார்த்தாலும் "இதெல்லாம் மழையா, ரங்கூன் மழையைப் பாக்கணும்" என்பாள்.

வெளியே வந்தால் அதே தெருவில் கச்சாலீஸ்வரர் கோயில், கலவை செட்டியார் கட்டியது என்பார்கள். சில அடி தள்ளி அந்தோணியார் கோயில் என்று எல்லோரும் சொல்லும் மாதா பேராலயம். செவ்வாய்க்கிழமை வந்து பாருங்கள். நெற்றியில் திருநீறு இருக்கும், தலையில் முக்காடு இருக்கும், வரிசை ஒன்றுதான். 'மதநல்லிணக்கம்' என்று அந்தப் பெண் விளக்கத் தொடங்கினார். வரிசையில் நிற்கும் அம்மாக்களுக்கு அந்தச் சொல் தெரியாது. பிள்ளைக்குக் காய்ச்சல் விட வேண்டும், தொலைந்த நகை கிடைக்க வேண்டும், அவ்வளவுதான்.

பவழக்காரத் தெருவில் கொஞ்சம் அதிக நேரம் நின்றோம். பதினேழாம் நூற்றாண்டில் இங்கே யூத வணிகர்கள் இருந்தார்கள். போர்ச்சுக்கல்லிலிருந்து துரத்தப்பட்டு லண்டனுக்குப் போன குடும்பத்தினர். மத்தியதரைக்கடல் பவழம் இங்கே வரும், கோல்கொண்டா வைரம் அங்கே போகும். 1688-ல் சென்னை மாநகராட்சி தொடங்கியபோது அதன் ஆல்டர்மேன்களில் யூதர்கள் இருந்தார்கள். இன்று அந்தத் தெருவில் அவர்கள் மிச்சம் ஒன்றும் இல்லை, தெருப்பெயர் தவிர. கல்லறைகளைக்கூடப் பின்னாளில் லாயிட்ஸ் சாலைக்கு மாற்றிவிட்டார்கள்.

அவர்களுக்குப் பிறகு அந்தத் தெருவுக்கு வந்தவர்கள் நகரத்தார். தேக்குத் தூணும் உள்கட்டும் உள்ள வீடுகள் இன்னும் ஒன்றிரண்டு இருக்கின்றன. "இந்தத் தேக்கு எங்கேருந்து வந்துச்சு?" என்று அந்தப் பெண் கேட்டது. ஒருவரும் பதில் சொல்லவில்லை. "பர்மாவிலிருந்து" என்றேன். வாய் தானாகச் சொல்லிவிட்டது. "சூப்பர் சார்!" என்று என்னைக் காட்டிக் கைதட்ட வைத்தது. ஐராவதி சமவெளியில் நெல் விளைந்தது செட்டியார் கொடுத்த கடனில் என்பதையும், 1937-ல் இந்தியன் ஓவர்சீஸ் வங்கி தொடங்கியபோது சென்னை, காரைக்குடியோடு ரங்கூனிலும் ஒரே நாளில் கிளை திறந்தார்கள் என்பதையும் நானே சொன்னேன். வாத்தியார் புத்தி. கேட்க நாலு பேர் நின்றால் நிறுத்தாது.

தம்பு செட்டித் தெரு, காளிகாம்பாள், 1677-ல் சிவாஜி வந்து வணங்கியதாகப் பலகை. மண்ணடியில் பள்ளிவாசல், இரும்புக் கடைகள், ஒரு இஞ்சி டீ. சௌகார்பேட்டைக்கு இன்னொரு நாள் என்றார்கள். என் முட்டியும் அதையேதான் சொன்னது.

கடைசி இடம் ராஜாஜி சாலை, கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிர் வரிசை. பர்மா பஜார்.

ஞாயிறு காலை. பெரும்பாலும் ஷட்டர் மூடிக் கிடந்தது. அந்தப் பெண் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே வேகமாகச் சொன்னது: "இது பர்மா பஜார். 1969-ல் தொடங்கினாங்க. பர்மாலேருந்து வந்த அகதிங்களுக்குக் கொடுத்த இடம். ஒரு காலத்துல கடத்தல் சாமானுக்கு ஃபேமஸ். செங்கல்லை டேப் ரெக்கார்டர்னு பார்சல் பண்ணிக் குடுத்துடுவாங்கன்னு ஜோக் எல்லாம் உண்டு." எல்லோரும் சிரித்தார்கள். செல்போனில் படம் எடுத்தார்கள். அதோடு நடை முடிந்தது என்று நன்றி சொல்லத் தொடங்கிவிட்டது.

ஆர்மீனியனுக்கு இருபது நிமிஷம், யூதனுக்குப் பத்து நிமிஷம், எங்களுக்கு ஒன்றரை நிமிஷம். அதில் ஒரு செங்கல்.

அந்தப் பெண்மேல் எனக்குக் கோபம் இல்லை. ஊர் சொன்னதைச் சொல்கிறது. ஆனாலும் நான் கை தூக்கினேன். "ஒரு நிமிஷம்மா" என்றேன். 1962-ல் அங்கே ராணுவ ஆட்சி வந்ததையும், கடை கண்ணிகளை அரசே எடுத்துக்கொண்டதையும், 1964 மே மாதம் ஐம்பது, நூறு கியாட் நோட்டுகள் ஒரே நாளில் செல்லாமல் போனதையும் சொன்னேன். ஏறக்குறைய மூன்று லட்சம் இந்தியர்கள் வெளியேறினார்கள் என்றேன். கப்பல் கப்பலாக வந்தார்கள், முகாமில் இருந்தார்கள், வியாசர்பாடியிலும் ஊர் ஊருக்கு பர்மா காலனிகளிலும் குடிசை போட்டார்கள், நடைபாதையில் விற்றார்கள், அதன் பிறகுதான் இந்தக் கடைகள் என்றேன். அவர்கள், அவர்கள், அவர்கள் என்றே சொல்லிக்கொண்டு போனேன்.

கேட்டுவிட்டு அந்தப் பெண் வாஞ்சையாகக் கேட்டது: "உங்களுக்கு இதெல்லாம் எப்படி சார் தெரியும்?"

"படிச்சிருக்கேன்மா" என்றேன்.

ரயிலில் வீடு வந்து சேரும் வரை அந்தப் பதில் வாயில் கசந்துகொண்டே இருந்தது. பொய் புதிதில்லை. இதே இடத்தில், இதே நடைபாதையில், நாற்பது வருஷத்துக்கு முன்னால் ஒரு முறை சொல்லியிருக்கிறேன். அன்று இன்னும் மோசம்.

நான் பிறந்தது ரங்கூனில், 1960-ல். அப்பா தேவகோட்டைப் பக்கம். போர் முடிந்த பிறகு பதினாறு வயதில் கடைப் பையனாகக் கப்பலேறிப் போனவர். ரேடியோ பழுது பார்க்கக் கற்றுக்கொண்டு சின்னதாகச் சொந்தக் கடை வைத்தார். கடை போயிற்று. சேர்த்த பணம் செல்லாத நோட்டாயிற்று. 1965-ல் கப்பல் ஏறினோம். ஏறுவதற்கு முன் நடந்த சோதனையில் அம்மாவின் தோட்டைக் கழற்றி வாங்கிக்கொண்டார்கள். காது ஓட்டையில் அம்மா ஒரு ஈர்க்குச்சியைச் செருகிக்கொண்டது எனக்கு நினைவிருக்கிறது. கப்பலைப் பற்றி வேறு ஒன்றும் நினைவில்லை, வாந்தி நாற்றம் தவிர.

வியாசர்பாடியில் குடிசை. அப்பா நடைபாதையில் துணி விரித்து டார்ச் லைட், சீப்பு, கண்ணாடி விற்றார். 1969-ல் பஜாரில் இடம் கிடைத்தது. ஆறடிக்கு நாலடி. 'ரேடியோ செல்லையா' என்றால் வரிசையில் எல்லோருக்கும் தெரியும். வெளிநாட்டுச் சாமான் விற்றாரா என்றால், விற்றார். கப்பலில் வேலை செய்பவர்கள் கொண்டுவந்து கொடுப்பார்கள். சோதனைக்கு ஆள் வருகிறது என்றால் ஒரு விசில் சத்தம், வரிசை முழுக்கத் துணி மூடிவிடும். அந்தக் காசில்தான் நான் படித்தேன். செங்கல் கட்டிக் கொடுத்தவர்களும் இருந்திருப்பார்கள். அப்பா, விற்ற ரேடியோ கெட்டுப்போனால் வீட்டுக்கே வந்து பழுது பார்த்துக் கொடுப்பார்.

வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம். ஆசிரியர் அறையில் யாரோ ஒருவர் வாங்கிய வாட்ச் நின்றுபோன கதையைச் சொல்லி, "பர்மா பஜார்காரன் எல்லாம் திருட்டுப் பசங்க" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். உடனே தலைமையாசிரியர், முன்னால் சொன்னேனே அந்த எம்டன், என்னைப் பார்த்து, "உங்கப்பா என்ன பண்றார் தம்பி?" என்று கேட்டார். "பாரீஸ்ல ஒரு கம்பெனியில கணக்கு எழுதறார் சார்" என்றேன். பொய் என்று தோன்றவே இல்லை. அவ்வளவு சுலபமாக வந்தது.

1983-ல் அவர் பெண்ணுக்குக் கல்யாணம். சீரில் வைக்க ஒரு டூ-இன்-ஒன் வேண்டும் என்றார். ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நாங்கள் நாலு பேர் அவரோடு பர்மா பஜார் போனோம். வரமாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். புதியவன், அவர் கூப்பிட்டால் போகத்தான் வேண்டும். வரிசையின் இந்த முனையிலேயே எதையாவது வாங்க வைத்துவிடலாம் என்று நினைத்தேன். கடை கடையாக விலை கேட்டுக் கேட்டு, வேண்டாம் வேண்டாம் என்று நடந்து, அவர் நேராகப் போய் நின்றது எங்கள் கடையில்.

அப்பா ஸ்டூலில் உட்கார்ந்து ஏதோ ஒரு ரேடியோவின் முதுகைத் திறந்து வைத்திருந்தார். நிமிர்ந்தார். என்னைப் பார்த்தார். முகம் மலர்ந்தது. "வா" என்று வாய் திறந்திருக்க வேண்டும். நான் கண்ணைத் தாழ்த்திக்கொண்டேன்.

அந்த ஒரு நொடியில் அவருக்குப் புரிந்துவிட்டது.

"வாங்க சார், வாங்க. என்ன பாக்கறீங்க?" என்றார். தலைமையாசிரியரைப் பார்த்து, பிறகு வரிசையாக எங்கள் எல்லோரையும் பார்த்து, என்னையும் சேர்த்து. பக்கத்துக் கடை அண்ணன் என்னைத் தூக்கி வளர்த்தவர். "அட, நம்ம..." என்று தொடங்கினார். அப்பா சட்டென்று அவர் பக்கம் திரும்பி, "அண்ணே, நூறு ரூபாய்க்குச் சில்லறை வாங்கிட்டு வாங்களேன், சார்லாம் நிக்கிறாங்க" என்று அனுப்பிவிட்டார்.

ஒரு நேஷனல் பானாசோனிக் எடுத்து வைத்தார். பேட்டரி போட்டுப் பாட விட்டார். 1,100 ரூபாய் என்றார். அது அடக்க விலை, எனக்குத் தெரியும். தலைமையாசிரியர் 850 என்றார். பேரம் நடந்தது. அப்பா யாரிடமும் அவ்வளவு இறங்கிப் பார்த்ததில்லை. 925-க்கு முடிந்தது. செய்தித்தாளில் சுற்றி, சணல் கட்டி, பிடிக்க ஒரு வளையமும் போட்டுக் கொடுத்தார். நாலு பேட்டரி இனாம். கடைசியில் என் பக்கம் திரும்பி, "நீங்களும் வாத்தியாருங்களா சார்?" என்று கேட்டார்.

"ஆமாங்க" என்றேன்.

மகன் வாத்தியார் என்று வரிசை பூரா மிட்டாய் கொடுத்தவர் அவர்.

பஸ்ஸில் தலைமையாசிரியர், "பாத்தீங்களா, இவனுங்ககிட்ட இப்படிப் பேசினாத்தான் வழிக்கு வருவானுங்க" என்றார். எல்லோரும் ஆமாம் என்றோம். நானும்.

ராத்திரி வீட்டுக்குப் போகக் கால் வரவில்லை. ரயில் நிலையத்தில் உட்கார்ந்துவிட்டு, பத்து மணிக்கு மேல் போனேன். அப்பா தூங்கியிருப்பார் என்று நினைத்தேன். முழித்துக்கொண்டு இருந்தார். நான் சாப்பிட்டு முடிக்கும் வரை ஒன்றும் பேசவில்லை. கை கழுவி வந்ததும், "ஒங்க எச்.எம். காசை எண்ணிக் குடுத்துட்டார், நல்ல மனுசன்தான். டேப்புக்கு வாரம் ஒரு தரம் ஹெட்டைத் தொடைக்கணும்னு சொல்லிடு தம்பி" என்றார். பிறகு ஒரு நொடி யோசித்து, "வேணாம், நீ எப்படிச் சொல்லுவ" என்றார். பாயை உதறிப் போட்டுப் படுத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு பதினெட்டு வருஷம் அப்பா இருந்தார். 1991-க்குப் பிறகு வெளிநாட்டுச் சாமான் எல்லாக் கடையிலும் கிடைக்கத் தொடங்கியது. பஜாரின் மவுசு போயிற்று. கடையை விட்டுவிட்டார். என் பிள்ளைகளோடு விளையாடினார். என் கூடப் படித்தவர்கள், வேலை பார்த்தவர்கள் வந்தால் மட்டும் எழுந்து பின்கட்டுக்குப் போய்விடுவார். 2001-ல் இறந்தார். அந்த ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி அவரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அம்மாவுக்குத் தெரியுமா என்பதுகூட எனக்குத் தெரியாது. என் மனைவிக்கு இந்தப் பதிவைப் போடுவதற்கு முன் படித்துக் காட்டினேன். "இதைச் சொல்ல நாப்பது வருஷமா?" என்று மட்டும் கேட்டாள்.

திங்கட்கிழமை சாயங்காலம் திரும்பவும் போனேன், தனியாக. பஜாருக்குப் பின்னால் இருக்கும் தெருவில் அத்தோ வண்டிகள் போட்டிருந்தார்கள். தெரியாதவர்களுக்காக: அத்தோ என்றால் பர்மியப் பேச்சில் பிசைந்தது என்று பொருள். மஞ்சள் நூடுல்ஸ், நறுக்கிய கோஸ், வெங்காயம், பொரித்த பூண்டு எண்ணெய், புளித் தண்ணீர், மிளகாய்த் தூள், நொறுக்கிய பேஜோ. கையாலேயே பிசைய வேண்டும், கரண்டிக்கு அந்த ருசி வராது. தொட்டுக்கொள்ளக் குடிக்க வாழைத்தண்டு போட்ட மொய்ங்கா சூப். எங்கள் வீட்டில் தீபாவளிக்கு இட்லி கிடையாது, இதுதான். வாத்தியார் ஆன பிறகு நான் வெளியில் இதைச் சாப்பிட்டதில்லை. யாராவது பார்த்துவிட்டால் என்ன என்றுதான்.

வண்டிக்காரருக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். காரம் எவ்வளவு என்று கேட்டார். "பேஜோவைக் கடைசியில போடுங்க, நமுத்துடும்" என்றேன். நிமிர்ந்து பார்த்தார்.

"ஐயாவுக்கு அந்தப் பக்கமா?"

"ரங்கூன்" என்றேன். "அஞ்சு வயசுல வந்தோம். எங்கப்பா இங்க கடை வச்சிருந்தார். ரேடியோ செல்லையா."

அவருக்குத் தெரியவில்லை. தெரிய வயதும் இல்லை. பக்கத்தில் தட்டு கழுவிக்கொண்டிருந்த அவர் அம்மாவிடம், "ம்மா, ரேடியோ செல்லையா யாரு?" என்று குரல் கொடுத்தார். அந்த அம்மா ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வந்து என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"வாத்தியார் மவனா?" என்றார்.

எனக்கு முதலில் விளங்கவில்லை. அப்பா வாத்தியார் இல்லையே என்று சொல்லப் போனேன். அவரே தொடர்ந்தார். "மவன் வாத்தியார், மவன் வாத்தியார்னு சொல்லிக்கிட்டே இருப்பாருல்ல, அதனால எங்க வீட்டுக்காரர்லாம் அவரையே வாத்தியாரேன்னுதான் கூப்பிடுவாங்க. அந்த மவனா நீங்க?"

நான் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். காசு வாங்க மாட்டேன் என்றார்கள். வற்புறுத்திக் கொடுத்துவிட்டு வந்தேன்.

வீட்டுக்கு வந்ததும் அந்த நடை நடத்தும் பெண்ணுக்கு வாட்ஸ்அப்பில் எழுதினேன். படித்துத் தெரிந்துகொண்டதாகச் சொன்னது பொய் என்று எழுதினேன். அரை மணி நேரத்தில் பதில் வந்தது. செங்கல் ஜோக்குக்கு மன்னிப்புக் கேட்டிருந்தது. அடுத்த நடை வரும் மாதம் இரண்டாவது ஞாயிறாம். "பர்மா பஜார்ல நீங்களே பேசறீங்களா சார்? எவ்வளவு நேரம் வேணும்?" என்று கேட்டிருக்கிறது. இருபது நிமிஷம் என்று போட்டேன். ஆர்மீனியருக்குக் கொடுத்த அதே இருபது.

எங்கள் கடை இருந்த இடத்தில் இப்போது செல்போன் உறை விற்கிறார்கள். ஞாயிறு காலை அந்த ஷட்டர் மூடியிருக்கும். அதன் முன்னால் நின்று பேசலாமா என்று நேற்று அந்தத் தம்பியிடம் கேட்டு வைத்துவிட்டேன். "தாராளமா பேசுங்க, ஒரு ஸ்டூல் வேணா வெளியில போட்டுட்டுப் போறேன்" என்றார்.